நிகோலாவுக்கு றெக்கை முளைத்த நாள்

திஹோமிர் முதன்முதலாகச் செத்தது பட்டாளத்தில் இருக்கும்போது. போரில் அல்ல, சினிமாவில்.

எழுபதுகளில் எங்கள் நாட்டில் போர்ப் படம் எடுக்க வருகிறவர்கள் கூட்டத்துக்கு ஆள் தேடி அலைய மாட்டார்கள். பக்கத்துப் படைமுகாமில் கட்டாயச் சேவையில் இருக்கும் பையன்களை லாரியில் அள்ளி வந்து, பாதிப் பேருக்கு ஜெர்மன் உடுப்பும் பாதிப் பேருக்குப் போராளிகளின் கிழிந்த கோட்டும் மாட்டிவிடுவார்கள். சுடு என்றால் சுட வேண்டும், விழு என்றால் விழ வேண்டும். சம்பளம் கிடையாது, ஒரு தட்டு பீன்ஸ் உண்டு.

அன்று பாலத்தில் வெடி வெடித்ததும் மற்ற பையன்கள் புல் எங்கே மெத்தென்று இருக்கிறது என்று பார்த்து, இடம் பிடித்துப் படுத்தார்கள். திஹோமிர் மட்டும் பாலத்துக் கம்பியைப் பிடித்துக்கொண்டு வானத்தைப் பார்த்தான். அம்மாவிடம் ஏதோ சொல்ல வந்தவன் போல வாயைத் திறந்தான். இரண்டு தடவை மடங்கினான். பிறகு தலைகுப்புற ஆற்றில் விழுந்தான். அது பிப்ரவரி மாதம்.

இயக்குநர் 'கட்' சொல்லவே மறந்துபோனார்.

"யாருய்யா அந்தப் பையன்? என்னமா சாகறான்!"

"வால்யேவோ ஊர்க்காரன் சார்."

"சீக்கிரம் வெளிய எடுங்க. வெறைச்சு நெஜமாவே செத்துடப் போறான். நாளைக்கும் அவன் சாகணும்."

அப்படித்தான் ஆரம்பித்தது. அடுத்த முப்பது வருஷத்தில் அவர் சாகாத விதம் இல்லை. ஜெர்மன்காரனாகச் செத்தார், துருக்கியனாகச் செத்தார், காட்டிக்கொடுத்த கயவனாகச் செத்தார். ஒரு படத்தில் செலவை மிச்சம் பிடிக்கக் காலையில் தாடி ஒட்டிப் போராளியாகவும், மத்தியானம் தாடியைப் பிய்த்துவிட்டு ஜெர்மன்காரனாகவும் நிறுத்தினார்கள். படம் வந்த பிறகு பார்த்தால், திஹோமிர் திஹோமிரைச் சுட்டுக் கொன்றிருக்கிறார். ஒருத்தரும் கண்டுபிடிக்கவில்லை. அதுதான் நடிப்பு என்று தலைநகர் பெல்கிரேட் பத்திரிகைகள் பிறகு எழுதின. மரியாதை வந்தது, விருது வந்தது. தெருவில் போனால் பெரிய மனிதர்கள் தொப்பியைத் தூக்கினார்கள். எங்கள் ஊர் முடிதிருத்துகிறவன் ஸ்ரேதன் மட்டும், பள்ளிக்கூடத்தில் கூடப் படித்த திமிரில், "டேய் பொணமே, உள்ள வாடா, முடி வளந்திருக்கு" என்று கடை வாசலில் நின்று கத்துவான்.

பெர்சிதாவைக் கட்டிக்கொண்டதும் ஒரு சாவால்தான். அவள் தபால் நிலையத்தில் வேலை பார்த்தாள். ஞாயிற்றுக்கிழமை படத்தில் அவர் பனியில் கிடந்து சாவதைப் பார்த்துக் கேவிக் கேவி அழுதிருக்கிறாள். திங்கட்கிழமை காலையில் அதே ஆள் குத்துக்கல் மாதிரி ஜன்னலில் வந்து நின்று, "ரெண்டு ஸ்டாம்ப் குடுங்க" என்றார்.

"உங்களுக்கெல்லாம் வெக்கமா இல்ல?" என்றாள் பெர்சிதா. "புதுக் கைக்குட்டை. ஒங்களால நாசமாப் போச்சு."

அவர் கைக்குட்டை வாங்கிக் கொடுத்தார். பின்னாலேயே மோதிரமும் வாங்கிக் கொடுத்தார்.

எல்லாம் நல்லபடியாகத்தான் போயிற்று, நவம்பர் மாதத்தைத் தவிர.

எங்களில் ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு குலத்துப் புனிதர் உண்டு. அப்பனிடமிருந்து மகனுக்கு நிலம் போல வருவது. அந்தப் புனிதரின் நாளில் வீட்டில் நடக்கும் திருநாளை ஸ்லாவா என்போம். அன்று வாசல் திறந்திருக்கும். யாரையும் கூப்பிடக் கூடாது. கூப்பிட்டு வர அதென்ன கல்யாணமா? நினைப்பு வைத்திருக்கிறவன் தானாக வருவான், வந்தவனுக்குச் சோறும் சாராயமும் போட வேண்டும். ஸ்லாவாவுக்கு ஆள் வராத வீடு என்று பெயர் வாங்குவதைவிட ஊரைவிட்டுப் போய்விடலாம்.

திஹோமிர் வீட்டுப் புனிதர் அதிதூதர் மிக்கேல். நவம்பர் இருபத்தொன்று. ரயில்வேயில் வேலை பார்த்த அப்பா விட்டுப்போன படம் கூடத்தில் தொங்குகிறது. கையில் வாள், முதுகில் இரண்டு பெரிய றெக்கை. மிக்கேலுக்கு ஒன்றும் குறை இல்லை. குறை இயக்குநர்களிடம். மலையில் முதல் பனி விழுந்ததோ இல்லையோ, அவர்களுக்குப் போர் ஞாபகம் வந்துவிடும். உடனே திஹோமிருக்குத் தந்தி பறக்கும். இந்த மனிதர் ஒரு தடவையாவது "அன்று எங்கள் வீட்டுத் திருநாள்" என்று சொன்னாரா? சொல்லவில்லை. வேலையென்று கூப்பிட்டால் மாட்டேன் என்று சொல்லாத மாணிக்கம் என்று பேர் வாங்கியிருந்தார் அல்லவா? அந்தப் பேரைக் காப்பாற்ற வேண்டாமா?

விருந்தாளிகள் வந்தார்கள். பெர்சிதா தட்டும் கையுமாக ஒற்றையாக நின்றாள்.

"வீட்டுக்காரர் எங்கம்மா?"

"ஸ்லாதிபோர் மலையில சாகறார்."

"எப்ப வருவார்?"

"நேத்திக்கு சரியா சாகலையாம். இன்னைக்கு மறுபடியும் சாகணுமாம்."

முதலில் சிரித்தார்கள். வீட்டுக்காரன் இல்லாத ஸ்லாவாவில் யாருக்கு வாழ்த்துச் சொல்வது? நாலைந்து வருஷம் போனதும் பாதிப் பேர் நின்றுபோனார்கள். பத்து வருஷத்தில் மீதிப் பேரும் நின்றார்கள். போர்ப் படங்கள் ஓய்ந்து திஹோமிர் நவம்பரில் வீட்டோடு இருக்க ஆரம்பித்தபோது, பன்றி வறுவலும் முட்டைக்கோஸ் இலையில் சுற்றிய இறைச்சியும் இருபது பேருக்குக் காத்திருக்கும், ஸ்ரேதன் ஒருவன் வருவான்.

"ஒன்மேல இருக்கற பாசத்துல வரலடா," என்பான் வாயில் வறுவலோடு. "பெர்சிதா அண்ணி கையி அப்படி."

பெர்சிதா சிரிப்பாள். மறுநாள் மிச்சத்தையெல்லாம் கண்ணாடிச் சாடிகளில் அடைப்பாள். திஹோமிருக்கு அந்தச் சாடிகளைப் பார்க்கவே பயம். வருகிறவர்களைக் கூப்பிட முடியாது, கூப்பிடாமல் வருகிறவர்கள் இல்லை. என்ன செய்வது?

அறுபது வயதுக்கு மேல்தான் அந்தத் தொலைக்காட்சித் தொடர் வந்தது. அதில் திஹோமிர் சாகவில்லை! காவ்ரிலோ மாமா என்ற பெரிய குடும்பத்துக்காரர். வாரா வாரம் எல்லோரையும் திட்டி, எல்லோருக்கும் சோறு போடுவார். நாடே அவரை மாமா என்றது. தயாரிப்பாளர் கஞ்சன். தனியாக வீடு பார்க்கச் செலவாகும் என்று, வெளிப்புறக் காட்சிக்குத் திஹோமிரின் சொந்த வீட்டு வாசலையே படமெடுத்தான். அந்தப் பச்சை கேட்டைத் தெரியாத ஆள் நாட்டில் இல்லாமல் போயிற்று.

டிசம்பர் இரண்டாம் வாரத்தில் ஒரு பகுதி வந்தது. அதில் காவ்ரிலோ மாமா வாசலில் நின்று கையை விரித்து, "நிகோலா திருநாளைக்கு என் வீட்டுக் கதவு தெறந்தே கெடக்கும். வர்றவன் வரட்டும்!" என்றார். எழுதிக் கொடுத்த வசனம்தான். ஆனால் அவர் சொன்னால் எப்படி இருக்கும்? நாடே கேட்டுக்கொண்டது.

புனித நிகோலாவின் நாள் டிசம்பர் பத்தொன்பது. எங்களில் பாதி வீட்டுக்கு அவர்தான் புனிதர், மீதிப் பாதி அன்று விருந்துக்குப் போகிறவர்கள். அன்று காலை திஹோமிர் வீட்டில் பீன்ஸ் சூப் கொதித்துக்கொண்டிருந்தது. அவர் பைஜாமாவில் இருந்தார். மணி அடித்தது.

வாசலில் கணவன் மனைவி. கையில் ஒயின் பாட்டில், காபிப் பொட்டலம். "ஸ்லாவா வாழ்த்துகள், வீட்டுக்காரரே!"

அந்த வார்த்தையைச் சொல்லிவிட்டவனை எங்கள் ஊரில் திருப்பி அனுப்ப முடியாது. அதைவிட, காது கேட்டதும் வாய் பதில் சொல்லிப் பழகிய நடிகர் அவர். "வாங்க, வாங்க! கடவுள் காப்பாத்துவார்!" என்று கையை விரித்துவிட்டார். சொன்ன பிறகுதான், 'இவர்கள் யார்?' என்று யோசித்தார்.

பின்னாலேயே நாலு பேர். அதற்குப் பின்னால் ஒரு வேன். பிறகு, இத்தனை வருஷம் எட்டிப் பார்க்காத அக்கம்பக்கத்தார், கூட்டத்தைப் பார்த்துத் தாங்களும் பாட்டிலோடு வந்தார்கள்.

"நிகோலாவா ஒங்க புனிதர்?" என்று எதிர்வீட்டுக்காரி தலையைச் சொறிந்தாள். "வேற யாரோன்னுல்ல நெனச்சேன். சரி, சரி, வாழ்த்துகள்."

பெர்சிதா சமையலறையில் கணவனைச் சுவரோடு சேர்த்துப் பிடித்தாள். "என்னங்க இது?"

"வந்துட்டாங்க."

"நோன்பு நாளு. கறி போட முடியாது. மீன் எங்க? அதுபோக வாசல்ல நின்னு கோதுமையைத் தேடறாங்க!"

சர்க்கரை போட்டு வேகவைத்த கோதுமையில் ஒரு கரண்டி, ஸ்லாவாவுக்கு வருகிறவர் முதலில் வாயில் போடுவது. ஆனால் அது இறந்தவர்களுக்காகச் செய்வது. மிக்கேல் தேவதூதர், சாகவே இல்லை. அதனால் மிக்கேல் வீட்டில் கோதுமை வேகவைப்பதில்லை. பெர்சிதா கல்யாணமான நாளாய் அதைச் செய்ததே இல்லை.

ஸ்ரேதனை மீனுக்கு விரட்டினார்கள். நிகோலா நாளில் மத்தியானத்துக்கு மேல் சந்தையில் மீன் ஏது? கடைசித் தொட்டியில் யாரும் தூக்க முடியாமல் விட்டுவைத்த ஒரு கிழட்டுக் கெண்டையை, தன் கடை வாளியில் உயிரோடு தூக்கிவந்தான். அதைக் குளியல் தொட்டியில் விட்டார்கள். கை கழுவப் போன விருந்தாளிகள் அதற்கும் வாழ்த்துச் சொல்லிவிட்டு வந்தார்கள்.

"அறுடா," என்றான் ஸ்ரேதன், கத்தியை நீட்டி.

"நானா?"

"பின்ன யாரு? ஒரு படத்துல முழுப் பட்டாளத்தையே சுட்டியேடா!"

திஹோமிர் தொட்டி ஓரத்தில் மண்டியிட்டார். கெண்டை அவரைப் பார்த்தது. அவர் கெண்டையைப் பார்த்தார். எழுந்து வந்துவிட்டார். வேனில் வந்த ஒரு பள்ளிக்கூட டீச்சர் கோட்டைக் கழற்றி மாட்டிவிட்டு உள்ளே போய் வேலையை முடித்தாள்.

கூடத்தில் இடமில்லை. ஜன்னல் திண்டில்கூட ஆள். எல்லோருக்கும் நடுவில், மலையடிவாரத்துக் கிராமத்திலிருந்து வந்த மிலுன் என்ற பிளம் தோட்டக்காரர், சிவந்த முகமும் இடிபோன்ற குரலுமாக, ஒவ்வொரு கிளாஸுக்கும் "மாமா வாழ்க!" என்று முழங்கிக்கொண்டிருந்தார். பெர்சிதா தட்டோடு நுழைந்தாள். கன்னமெல்லாம் சிவந்திருந்தது, தலைமுடி கலைந்திருந்தது. "இங்க ரெண்டு கரண்டி! அங்க ரொட்டி!" என்று யாரோ கத்த, "வர்றேன், வர்றேன், எனக்கென்ன நாலு கையா!" என்று சிரித்தாள். அவளை அப்படிப் பார்த்து எத்தனை வருஷமாயிற்று!

அப்போதுதான் மிலுன், "மாமா, மெழுகுவத்தி ஏத்துங்க! ரொட்டி வெட்டுங்க! புனிதர் பேரைச் சொல்லுங்க!" என்றார். கூட்டம் எழுந்து நின்றது. எல்லோரும் சிலுவை போட்டுக்கொண்டு சுவரில் இருந்த படத்தைப் பார்த்தார்கள்.

டீச்சர் கண்ணாடியைச் சரிசெய்தாள். "ஏங்க, நிகோலாவுக்கு எப்போ றெக்கை மொளைச்சது?"

மிலுனே வாயை மூடிக்கொண்டார்.

பொய் சொல்வது திஹோமிருக்குக் கஷ்டமே இல்லை. 'பழைய படம், ஓவியன் குடிகாரன்' என்று சொன்னால் போதும், நம்பியிருப்பார்கள். வசனம் நாக்கு நுனியில் நின்றது. உண்மையைச் சொன்னால் இவர்கள் பாட்டிலையும் தொப்பியையும் எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள், பெர்சிதா மறுபடி சாடிகளை எடுப்பாள். சொல்லாவிட்டால், அப்பா விட்டுப்போன புனிதரை அவர் முகத்துக்கு நேராகவே இல்லையென்று சொன்னதாகும். பெர்சிதா கதவோரம் தட்டோடு நின்றாள்.

"அவர் நிகோலா இல்ல," என்றார் திஹோமிர். காவ்ரிலோ மாமாவின் குரல் எங்கோ போய்விட்டது. "மிக்கேல். எங்க ஸ்லாவா போன மாசமே முடிஞ்சுபோச்சு. யாரும் வரல. நீங்க வந்தீங்களா, எனக்குப் போன்னு சொல்ல வாய் வரல. மன்னிச்சுடுங்க."

நாற்பது தடவைக்கு மேல் செத்தவர் அன்றுதான் நிஜமாகச் செத்தமாதிரி உணர்ந்தார்.

"அப்ப நாங்க யாரோட மீனைச் சாப்பிடறோம்?" என்றார் ஜன்னலில் இருந்தவர்.

மிலுன் இருமினார். "நான்... எனக்கு நிகோலாதான்."

"அதுக்கென்ன?"

"இல்ல, எங்க வீட்டுப் புனிதர். இன்னைக்கு எங்க ஸ்லாவா."

கூட்டம் மொத்தமாகத் திரும்பியது. "அடப் பாவி! அப்ப ஒன் வீட்ல யாரு?"

"ரோசாந்தா இருக்கா. பொண்டாட்டி."

"விருந்தாளிங்க?"

"வந்திருப்பாங்க," என்றார் மிலுன் தரையைப் பார்த்து. "சோடா வாங்கிட்டு வர்றேன்னு சொல்லிட்டுத்தான் வந்தேன்."

திஹோமிரை மறந்தே போனார்கள். திட்டுவதற்கு இவ்வளவு நல்ல ஆள் கிடைத்த பிறகு எவன் எழுந்து வீட்டுக்குப் போவான்? டீச்சரே மிலுன் கையில் தொலைபேசியைத் திணித்தாள். மறுமுனையில் ரோசாந்தா சொன்னது கூடம் முழுக்கக் கேட்டது. "அங்கயே இரு. நகந்தே, தொலைச்சுடுவேன்."

ஒரு மணி நேரத்தில் பச்சை கேட்டின் முன்னால் டிராக்டர் வந்து நின்றது. ஓட்டிவந்தது ரோசாந்தா. பின்வண்டியில் கம்பளி போர்த்திய விருந்தாளிகள், மடியில் மீன் சட்டி, திருநாள் ரொட்டி, ஒரு அண்டா கோதுமை. ஏற்றிய மெழுகுவர்த்தி அணைந்தால் குடும்பத்துக்கு ஆகாது என்று ஒருவர் அதைப் பால் வாளிக்குள் பிடித்துக்கொண்டு வந்திருந்தார், மீசை கருகியிருந்தது.

"வீட்டுக்காரன் எங்கயோ அங்கதான ஸ்லாவா!" என்று இறங்கினாள் ரோசாந்தா. மிலுனைக் கண்டதும் இடுப்பில் கை வைத்தாள். "வர்றவன்லாம் வாசல்ல நின்னு மிலுன் எங்க, மிலுன் எங்கன்னு கேக்கறான். தட்டைக் கையில வச்சுக்கிட்டு நான் என்னத்தச் சொல்ல? சமைக்கச் சொன்னேனா ஒன்னைய? பாத்திரம் கழுவச் சொன்னேனா? ஒரு நாள், ஒரே ஒரு நாள் வீட்ல நில்லுன்னுதான்யா சொல்றேன். சும்மா நிக்கக்கூட ஒனக்கு வலிக்குதா?"

எல்லோரும் வயிறு குலுங்கச் சிரித்தார்கள். திஹோமிர் சிரிக்கவில்லை. மிலுனுக்கு விழுந்த ஒவ்வொரு அடியும் அவருக்கு விழுந்தது.

மிலுன் அசட்டு முகத்தோடு ரொட்டியை வெட்டினார், நிகோலாவின் பெயரைச் சொன்னார். மிக்கேல் றெக்கையோடு பார்த்துக்கொண்டிருந்தார். சாயங்காலம் எல்லோரும் போனபிறகு, பாத்திரம் துடைத்துக்கொண்டே திஹோமிர் கேட்டார்.

"நீ ஏன் ஒரு தடவைகூட என்னைய அந்த மாதிரி திட்டல?"

"திட்டினேனே," என்றாள் பெர்சிதா. "நீங்க ஊர்ல இல்ல."

அடுத்த இலையுதிர்காலத்தில் பெல்கிரேடிலிருந்து ஓர் இயக்குநர் பேசினார். கதாநாயகன் வேஷம், கிழட்டுத் தளபதி. படம் முடியும்வரை சாவே இல்லை, கடைசியில் ஒரு முத்தமும் உண்டு. வாழ்நாள் முழுக்கத் திஹோமிர் காத்திருந்த வேஷம். முக்கியமான பாலத்துக் காட்சி நவம்பர் இருபத்தொன்று, பாலத்தை அன்று ஒரு நாள்தான் அடைத்துத் தருவார்கள்.

"அன்னைக்கு முடியாது," என்றார் திஹோமிர்.

"வேற படமா சார்?"

"இல்ல. வீட்ல நிக்கணும்."

"யாரு நிக்கணும்? எதுக்கு நிக்கணும்?" என்று இயக்குநர் கேட்டுக்கொண்டே இருந்தார். கடைசியில் வேஷம் வேறொருவருக்குப் போயிற்று. ஸ்ரேதன் தலையில் அடித்துக்கொண்டான்.

"சரி, போனது போச்சு. கடைக்கு வர்றவன் காதுல எல்லாம் தேதியைப் போட்டு வைக்கவா?"

"அது கூப்பிடறதுடா! வாயத் தெறந்தே, ஒன் கத்தியாலயே ஒனக்கு மொட்டை அடிச்சுடுவேன்."

இருபத்தொன்றாம் தேதி நல்ல பனி. திஹோமிர் கோட்டுப் போட்டு, டை கட்டி எட்டு மணிக்கே மேசையின் தலைப்பக்கம் நின்றுவிட்டார். எங்கள் வழக்கத்தில் ஸ்லாவா அன்று வீட்டுக்காரன் உட்காரக் கூடாது. வந்தவர்கள் உட்காருவார்கள், அவன் நின்று பரிமாற வேண்டும். ஒன்பதாயிற்று, பதினொன்றாயிற்று. வறுவல் ஆறிக்கொண்டிருந்தது. ஸ்ரேதன்கூடக் கடையை மூடிவிட்டுத்தான் வருவான்.

"கொஞ்சம் ஒக்காருங்களேன்," என்றாள் பெர்சிதா. "யாருமே இல்லியே."

"நீ இருக்கியே. ஏப்ரனக் கழட்டு. கோட்டப் போட்டுக்கிட்டு வெளிய போய் மணி அடி."

"ஒங்களுக்குப் புத்தி பேதலிச்சுப் போச்சா? வெளிய பனி கொட்டுது!"

"அடி, சொல்றேன்."

அவள் முணுமுணுத்துக்கொண்டே போனாள். மணி அடித்தது. திஹோமிர் கதவைத் திறந்தார். தலையில் பனியோடு நின்றவள், எத்தனையோ வருஷமாக மற்றவர்கள் வாயிலிருந்து கேட்ட வார்த்தையைத் தானே முதல்முறையாகச் சொன்னாள்.

"ஸ்லாவா வாழ்த்துகள், வீட்டுக்காரரே."

திஹோமிரின் முகத்துக்கு அந்த நேரத்தில் என்ன செய்வதென்று தெரியவில்லை. அவள் கோட்டை வாங்கி மாட்டினார். நாற்காலியை இழுத்துப் போட்டார். சூப்பைத் தானே ஊற்றினார், மேசைவிரிப்பில் பாதி ஊற்றினார். அவள் ஒரு வாய் குடித்துவிட்டு உதட்டைப் பிதுக்கினாள்.

"உப்பு கம்மி."

"நீதான வச்ச?"

"இன்னைக்கு நான் விருந்தாளி. கொறை சொல்லத்தான் செய்வேன்."

அவர் உப்பு எடுக்கத் திரும்பியபோது வாசல் மணி அடித்தது. பழக்க தோஷத்தில் பெர்சிதா துண்டைத் தேடிக்கொண்டு எழுந்தாள். திஹோமிர் அவள் தோளைப் பிடித்து நாற்காலியில் அமர்த்தினார்.

"விருந்தாளி எந்திரிக்கக் கூடாது. நீ சாப்பிடு," என்று சொல்லிவிட்டு, யாரென்று பார்க்க அவரே போனார்.